என் நிழல் விழுந்த அண்டா

எட்டு வயதில் நான் ஓர் அண்டாவைக் கெடுத்தேன். வேண்டுமென்று செய்யவில்லை. ஒரு கோழியைப் பிடிக்கப் போய் அப்படி ஆனது.

அண்டா எங்கள் மாமாவுடையது. அம்மாவுக்கு அண்ணன். சிதம்பரத்தில் கல்யாணச் சமையல் செய்துகொண்டிருந்தார். கல்யாணச் சமையல் என்று பெயர்தான். அதுவரை அவருக்கு வந்ததெல்லாம் காதுகுத்து, வளைகாப்பு, கருமாதி. நூறு இலை, மிஞ்சினால் இருநூறு இலை. அந்த வைகாசியில்தான் முதல் தடவையாக ஒரு பெரிய கல்யாணம் கிடைத்தது. காலை டிபனுக்கே முந்நூறு இலை. பெண் வீடு சிதம்பரம், மாப்பிள்ளை வீடு திருவதிகை. நன்றாக நடந்தால் அடுத்தடுத்துக் கூப்பிடுவார்கள். சொதப்பினால் மறுபடி காதுகுத்துதான். மாமாவே இப்படித்தான் சொன்னார்.

அவரிடம் இருந்தது இருநூறு இலைக்கான பித்தளை அண்டா. அதைச் சாக்கில் கட்டி, பாசஞ்சர் வண்டியில் ஏற்றி, கடலூர் முதுநகரில் இறக்கி, எங்கள் பட்டறைக்கு உருட்டிக்கொண்டே வந்தார். அந்தச் சத்தம் தெருமுனையிலேயே கேட்டது. யார் வருகிறார்கள் என்று அம்மா கேட்காமலே சோறு கூடுதலாக வைத்தாள்.

“மாப்ள, இத முன்னூறு இலைக்கு இழுத்துக் குடு.”

அப்பா அண்டாவை விரலால் சுண்டினார். “இழுத்தா மெலிசாவும்.”

“ஆவட்டும். நான் என்னா மலையவா வேவ வைக்கப் போறேன். பொங்கல்தான்.”

“அடி புடிக்கும்.”

“என் பொங்கல் அடி புடிக்காது.”

“போன தீவாளிக்குப் புடிச்சுது.”

“அது ஒங்க வூட்டு அடுப்பு மாப்ள.”

அப்பா சிரிக்கவில்லை. சிரித்தால் ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். அண்டாவைத் தூக்கி உள்ளே வைத்தார். சரி என்று அவர் சொல்கிற விதம் அதுதான்.

எங்கள் வேலை தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். நாங்கள் பாத்திரத்தின் மேல் கை வைத்து அடிப்பதில்லை. அதன் நிழலை அடிப்போம். பாத்திரத்தைப் புளியும் கடல்தண்ணீரும் விட்டுத் தேய்த்து, வெயிலில் செங்கல் மேல் நிறுத்த வேண்டும். நிழல் சுண்ணாம்புத் தரையில் விழும். தரை மட்டமாக இருக்க வேண்டும். பிறகு கொட்டாப்புளியை எடுத்து, அது ஒரு மரச்சுத்தியல், நிழலின் ஓரத்தை வெளிப்பக்கமாகத் தட்டிக்கொண்டே வர வேண்டும். நிழல் விரிய விரியப் பாத்திரமும் விரியும். அடி தரையில் விழும், ஓசை பாத்திரத்திலிருந்து வரும். வெளியூர்க்காரர்கள் திடுக்கிட்டுத் திரும்புவது அதற்குத்தான். எங்களுக்கு அது பழகிய சத்தம்.

காலையில் நிழல் நீளம். அப்போது இழுக்கிற வேலை. சாயங்காலம் நெளிவு எடுக்கிற வேலை. மேகம் வந்தால் ஓங்கிய கையை அப்படியே நிறுத்திவிட வேண்டும்.

கட்டளை ஒன்றுதான். அடிக்கும்போது பாத்திரத்தின் நிழலில் வேறு எதன் நிழலும் விழக் கூடாது. விழுந்தால் அதுவும் பித்தளைக்குள் போய்விடும். காக்கை நிழல் விழுந்த குடம் ஒன்று எங்கள் தெருவில் இருந்தது. வாசலில் வைத்துவிட்டு உள்ளே போய் வந்தால் மதில் மேல் இருக்கும். அதை வைத்திருந்த அம்மாள் கழுத்தில் கயிறு கட்டித்தான் வைத்திருந்தாள். ஆள் நிழல் விழுந்த பாத்திரம் அதைவிடத் தொல்லை. அந்த ஆள் வயிறு நிறையச் சாப்பிடாமல் அது வேறு யாருக்கும் ஒரு கவளம் கொடுக்காது.

அதனால் எங்கள் தெருப் பிள்ளைகள் நடக்கத் தொடங்கிய நாளிலிருந்தே தங்கள் நிழல் எங்கே விழுகிறது என்று பார்த்துத்தான் நடப்போம். தலை நிமிராது. பள்ளிக்கூடத்தில் இதை அடக்கம் என்று நினைத்துப் பாராட்டினார்கள்.

கல்யாணத்துக்கு மூன்று நாள் இருக்கும்போது அப்பா அண்டாவை வெயிலில் நிறுத்தினார். அம்மா விடியற்காலையிலேயே புளி போட்டுத் தேய்த்து முடித்திருந்தாள். கடல் பக்கமிருந்து வெயில் தடையில்லாமல் வந்தது. அண்டாவின் நிழல் பட்டறையின் பாதி நீளத்துக்குப் படுத்திருந்தது. அப்பா எப்போதும் நிழலுக்கு மேற்கே, சூரியனைப் பார்த்து உட்காருவார். அவர் நிழல் அவர் முதுகுக்குப் பின்னால் கிடக்கும். மாமா தள்ளி, பூவரச மரத்தடியில் ஒரு பக்கெட்டைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார். என்னை வாசற்படியை விட்டு இறங்கக் கூடாது என்றார்கள்.

அப்பா அடிக்கத் தொடங்கினார். மாமா பேசத் தொடங்கினார். இரண்டும் நிற்காமல் நடந்தது. அண்டாவின் வயிறு கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் பெருத்தது. சற்று வேறு பக்கம் பார்த்துவிட்டுத் திரும்பினால்தான் தெரியும்.

அப்போது கிழக்குச் சுவரோரமாக அடுத்த வீட்டுக் கோழி வந்தது. ஒவ்வோர் அடியாக எடுத்து வைத்து, நின்று, தரையைக் கொத்தி, அண்டாவை நோக்கியே வந்தது. அப்பாவின் கண் நிழலின் ஓரத்தில் இருந்தது. மாமாவின் கண் அவர் சொல்லிக்கொண்டிருந்த கதையில் இருந்தது. நான் மட்டும்தான் பார்த்தேன். இன்னும் நாலு அடி வந்தால் கோழியின் நிழல் அண்டா நிழலில் விழும்.

குனிந்து ஓடினேன். கத்தினால் அப்பாவின் அடி தவறும். சத்தமில்லாமல் போய்க் கோழியை இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துவிட்டேன். பிடித்த சந்தோஷத்தில் நிமிர்ந்தேன். வெயில் என் முதுகில் இருந்தது. வழக்கப்படி கீழே பார்த்தேன். என் தலையும் ஒரு பக்கத்துச் சடையும் அண்டா நிழலின் வயிற்றுக்குள் இருந்தன.

கொட்டாப்புளி இறங்கியது.

ஓர் அடிதான். மற்ற அடிகளெல்லாம் ணங் என்று கேட்டன. அது மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு யாரோ பேசின மாதிரி கேட்டது. நான் பின்னால் தாவிவிட்டேன். அப்பா கண்ணில் இறங்கிய வியர்வையைத் துடைத்துக்கொண்டு, மேகமா என்று வானத்தைப் பார்த்தார். மேகம் இல்லை. மறுபடி அடிக்கத் தொடங்கினார்.

மாமா அப்போதுதான் என் கையில் கோழியைப் பார்த்தார்.

“பாத்தியா மாப்ள. புள்ளைக்கு இருக்கிற கவனம் ஒனக்கு இருக்குதா. கோழி நெழல் மட்டும் வுழுந்திருந்தா என் பொழப்பு என்னாவறது.”

என்னைக் கூப்பிட்டு, தம் பையிலிருந்து இரண்டு முறுக்கு எடுத்துக் கொடுத்தார். வாங்கிக்கொண்டேன். நான் கெடுத்ததற்கே எனக்குக் கூலி கிடைத்தது. முறுக்கு நன்றாக இருந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

சாயங்காலம் யாரும் இல்லாத நேரத்தில் அண்டாவுக்குள் தலையை விட்டுப் பார்த்தேன். வயிற்றுப் பகுதியில் ஒரு சின்ன மேடு. சாய்த்துப் பார்த்தால்தான் தெரியும். என் காது மாதிரி இருந்தது. தடவிப் பார்த்தேன். சூடாக இருந்தது. சொல்லிவிடலாம் என்று அம்மாவிடம் இரண்டு தடவை போனேன். இரண்டு தடவையும் மாமா என் கெட்டிக்காரத்தனத்தைத்தான் சொல்லிக்கொண்டிருந்தார். திரும்பி வந்துவிட்டேன். மறுநாள் ஈயம் பூசுகிறவர் வந்து பூசிவிட்டுப் போனார். மேடு ஈயத்துக்குள் மறைந்தது. ஒருவேளை ஒன்றும் ஆகாது என்று நினைத்துக்கொண்டேன். மூன்று நாளும் நான் யாரிடமும் பேசவில்லை. எங்கள் வீட்டில் அது யாருக்கும் வித்தியாசமாகத் தெரியவில்லை.

கல்யாணத்துக்கு அப்பாவையும் என்னையும் மாமா கூட்டிக்கொண்டு போனார். அப்பா பாத்திரம் தூக்க. நான் கோழி பிடித்ததற்காக. அம்மா வரவில்லை.

மண்டபம் மேல வீதிக்குப் பின்னால் இருந்தது. நான் கண் விழித்து வந்தபோது பொங்கல் இறங்கியிருந்தது. நெய் வாசனையும் மிளகு வாசனையும் வாசல்வரை வந்தன. அண்டா விளிம்பு நிறைய இருந்தது. முந்நூறு இலைக்குக் குறையாது. அப்பா அதைப் பார்த்துவிட்டுத் தலையை ஒரு தரம் ஆட்டினார். அவர் அவ்வளவு பெருமைப்பட்டு அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

ஏழு மணிக்கு முதல் பந்தி. மாப்பிள்ளை வீட்டார் உட்கார்ந்தார்கள். இலை போட்டு, தண்ணீர் தெளித்து, கேசரி வைத்து, வடை வைத்து, கத்திரிக்காய் கொத்சும் ஊற்றியாயிற்று. பொங்கல்தான் பாக்கி. மாமாவிடம் வேலை செய்த அண்ணன் ஒருவர் கரண்டியை அண்டாவுக்குள் விட்டு எடுத்தார். கரண்டி காலி.

அவர் கரண்டியைத் திருப்பிப் பார்த்தார். மறுபடி ஆழமாக விட்டு, இரண்டு கையாலும் நெம்பி எடுத்தார். பொங்கல் கரண்டியில் ஏறியது. அண்டா விளிம்பைத் தாண்டுகிற நேரத்தில் வழுக்கி உள்ளேயே இறங்கிவிட்டது. கரண்டி கழுவி வைத்த மாதிரி இருந்தது.

மாமா அதைப் பிடுங்கித் தானே மொண்டார். அதே கதைதான். நாலு பேரைக் கூப்பிட்டு அண்டாவைச் சாய்த்தார்கள். விளிம்பு தரையைத் தொடுகிற அளவுக்குச் சாய்த்தும் பொங்கல் அசையவில்லை. அடம் பிடித்து வாயை மூடிக்கொண்ட பிள்ளை மாதிரி இருந்தது அண்டா.

“நெய்ய எப்பக் கொட்டின நீ” என்று மாமா அந்த அண்ணனைப் பிடித்தார்.

“நீங்க சொன்னப்பதான் கொட்டினேன்.”

“நான் எப்பச் சொன்னேன்.”

“நான் கொட்டினப்ப.”

அதற்குள் மாப்பிள்ளையின் பெரியப்பா எழுந்து வந்துவிட்டார். பட்டு வேட்டி, அதற்கு மேல் நல்ல தொப்பை.

“என்னா மாஸ்டர், பொங்கலுக்கு இப்பதான் நாத்து நட்டிருக்குதா. எத்தினி நேரம் நான் வடையவே பாத்துக்கினு ஒக்காந்திருக்கிறது.”

“ரெண்டு நிமிசங்க. ஒக்காருங்க, தோ வந்துடுது.”

பெரியப்பா உட்காரவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு அங்கேயே நின்றார். மாமா அப்பா பக்கம் வந்து குரலைத் தணித்தார்.

“மாப்ள. எவன் நெழலோ உள்ள கெடக்குது.”

அப்பா அண்டாவைப் பார்த்தார். “இருக்கும்.”

“இருக்குமா. என்னா நிதானமா சொல்ற. யாரு நெழலு அது?”

“நீதான் அன்னிக்கிக் கைய ஆட்டி ஆட்டிப் பேசிக்கினு இருந்த.”

மாமாவுக்கு அது நியாயமாகத்தான் பட்டது. ஓர் இலையை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். “எனக்குப் போடு.” அந்த அண்ணன் மொண்டார். கரண்டி காலி. பிறகு அப்பா இலையை நீட்டினார். அதற்கும் காலி. வெளியே பந்தியில் சலசலப்பு கூடியது. யாரோ ஒருவர் வெறும் கொத்சை நக்கிக்கொண்டு எழுந்துவிட்டதாகத் தகவல் வந்தது. மாமாவின் கழுத்தில் வியர்வை ஓடியது.

“கோழியா இருக்குமோ” என்றார். உடனே தலையை ஆட்டினார். “சேச்சே. கோழியத்தான் புள்ள புடிச்சிட்டாளே.”

சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். அந்த நேரத்திலும் அந்தப் பார்வையில் நன்றி இருந்தது. அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

“நான்தான்” என்றேன்.

இரண்டு ஆண்களும் என்னைப் பார்த்தார்கள்.

“கோழியப் புடிச்சிட்டு நிமுந்தேன்.”

அடி விழும் என்று நினைத்தேன். யாருக்கும் நேரமில்லை. மாமா என்னைக் கையைப் பிடித்து இழுத்து, அண்டாவுக்கு எதிரே உட்கார வைத்து இலையைப் போட்டார். அப்போதுதான் பெரியப்பா குறுக்கே வந்தார்.

“இது பொண்ணு வூட்டுப் புள்ளையா?”

“இல்லீங்க. என் தங்கச்சி புள்ள. இது சாப்புட்டாத்தான் அண்டா குடுக்கும். நெழலடிப் பாத்திரம்ங்க, அதுக்கு அப்பிடி ஒரு வழக்கம்.”

“அப்ப சமையக்காரர் தங்கச்சி புள்ளைக்கு மொத இலை. மாப்பிள்ள வூட்டுக்கு ரெண்டாவது இலை. இத நான் திருவதிகையில போயி எப்பிடிச் சொல்லுவேன்?”

“சொல்லாதீங்க” என்றார் அப்பா.

பெரியப்பா அப்பாவை மேலும் கீழும் பார்த்தார். என்னவோ சொல்ல வாயெடுத்தார். பிறகு சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு மாமாவின் காதுப்பக்கம் குனிந்தார். எனக்குக் கேட்டது.

“சுகர் மாத்திர போட்டாச்சு மாஸ்டர். இன்னும் கால்மணி நேரத்துல வயித்துல எதுனா போவலன்னா எனக்குத் தல சுத்திடும். சட்டுனு ஆவட்டும்.”

அந்த அண்ணன் மொண்டார். என் இலைக்கு வந்தபோது கரண்டி மலையாக நிறைந்திருந்தது. எல்லோரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டார்கள்.

சிக்கல் அதன் பிறகுதான். என்னால் சாப்பிட முடியவில்லை. என்னைச் சுற்றிப் பத்துப் பேர். கதவருகில் இன்னும் இருபது பேர். அதற்குப் பின்னால் இலையோடு முந்நூறு பேர். நான் தலை குனிந்தே வளர்ந்தவள், ஒரு கூட்டம் என்னைப் பார்த்ததே இல்லை. இரண்டு வாய் விழுங்கினேன். மூன்றாவது தொண்டையில் நின்றது.

“போதும்” என்றேன்.

அந்த அண்ணன் ஆசையாக ஓடி மொண்டார். காலி. அண்டாவிடம் பொய் சொல்ல முடியாது. என் வயிறு எப்படி என்று என்னைவிட அதற்குத்தான் தெரியும்.

“சாப்புடு தாயி” என்றார் பெரியப்பா. “ஒன் வயசுல நான் ஒரு அண்டாவே சாப்புடுவேன்.” அவர் அதட்டித்தான் சொன்னார், ஆனால் கண் கெஞ்சியது. எனக்கு இன்னும் பயம் கூடியது. அழுகை வந்துவிடும் போல இருந்தது.

மாமா என் எதிரில் குந்தி உட்கார்ந்தார். கத்துவார் என்று நினைத்தேன். தாழ்ந்த குரலில் கேட்டார்.

“உப்பு எப்பிடி இருக்குது?”

எதிர்பார்க்காத கேள்வி. ஒரு வாய் எடுத்து வைத்துப் பார்த்தேன்.

“கம்மி.”

“கம்மியா. நல்லாப் பாத்துச் சொல்லு. மேலாப்புல எடுக்காத, நடுவுல எடு.”

நடுவில் எடுத்தேன். “கம்மிதான்.”

“மொளவு?”

“ஜாஸ்தி.”

“கொத்சு தொட்டுக்கினு பாரு. அப்பவும் ஜாஸ்தியா?”

தொட்டுக்கொண்டு பார்த்தேன். “இப்ப சரியா இருக்குது.”

“முந்திரி வறுபட்டிருக்குதா? காடாம்புலியூர் முந்திரி அது. ரெண்டு மூணாக் கடிச்சுப் பாரு. ஒண்ணுல தெரியாது.”

பெரியப்பாவும் குனிந்தார். “கொத்சுல புளிப்பு எப்பிடிம்மா? எனக்குப் புளிப்பு ஆவாது.”

அவருக்காக இன்னொரு வாய். நெய்க்கு ஒரு வாய். இஞ்சிக்கு ஒரு வாய். என்னை யாரும் பார்க்கவில்லை, பொங்கலைத்தான் பார்க்கிறார்கள் என்று எப்படியோ தோன்றிவிட்டது. குறை சொல்லச் சொல்லப் பசித்தது. இலையை வழித்துவிட்டு, இன்னொரு வடை கேட்டேன். அதைத் தின்றதும் ஏப்பம் வந்தது.

அந்த அண்ணன் கரண்டியை விட்டார். நிறைய வந்தது. ஓடினார். வாளி வாளியாக மொண்டு ஓடினார்கள். முதல் வாளி பெரியப்பா இலைக்குப் போனது. முந்நூறு இலைக்கும் சரியாக வந்தது. உப்பு கம்மி என்று முந்நூறு பேரும் சொன்னார்கள். மாமாவுக்கு அதைக் கேட்கச் சந்தோஷமாக இருந்தது. சாப்பிட்டவர்கள்தானே உப்பைப் பற்றிச் சொல்ல முடியும்.

திரும்பும்போது வண்டியில் மாமா ஒன்றே ஒன்றுதான் சொன்னார். “கோழிய வுட்டிருக்கலாம்டி. பொங்கலோட முட்டையும் கெடச்சிருக்கும்.” அப்பா அப்போதுதான் சிரித்தார்.

மாமாவின் பெயர் கெடவில்லை. தலைகீழாக ஆனது. பெண் குழந்தை முதலில் உட்கார்ந்து சாப்பிட்டால்தான் அண்டா கொடுக்குமாம் என்று பேச்சு பரவி, அது மங்கலம் என்று முடிவாகிவிட்டது. யார் முடிவு செய்தார்கள் என்று தெரியாது. அடுத்த மாதமே அந்தப் பெரியப்பா தம் பெண் கல்யாணத்துக்கு மாமாவைக் கூப்பிட்டார். “அந்த உப்பு பாக்கிற புள்ளையையும் இட்டுக்கினு வாங்க” என்று சொல்லி அனுப்பினார்.

அதிலிருந்து ஆறு வருஷம், மாமா எங்கே சமைத்தாலும் முதல் இலை எனக்கு. கடலூரில், சிதம்பரத்தில், பண்ருட்டிப் பக்கத்தில் இருக்கிற மண்டபங்களில் முக்கால்வாசியில் நான் மாப்பிள்ளைக்கு முன்னால் சாப்பிட்டிருக்கிறேன். புதுப் பாவாடை கட்டி, பூ வைத்து, மணையில் உட்கார வைப்பார்கள். இலையைப் பார்த்துக் குனிகிற நேரம் தவிரத் தலை நிமிர்ந்துவிட்டது. பள்ளிக்கூடம் எட்டாவதோடு நின்றது. அதற்கு அண்டாவைக் குற்றம் சொல்ல முடியாது, கணக்குப் பாடம்தான் காரணம்.

அந்த ஆறு வருஷத்தில் வேறொன்றும் நடந்தது. முதல் கல்யாணம் முடிந்து வந்த மழைக்காலத்தில் கடல்தண்ணீர் எங்கள் தெருவுக்குள் ஏறியது. பட்டறைத் தரை பாளம் பாளமாக வெடித்தது. வெடித்த தரையில் நிழல் மட்டமாக விழாது. அதில் அடித்தால் பாத்திரமும் வெடிக்கும். ஒரு மூலையில் பாய் அகலத்துக்குத் தரை தப்பியிருந்தது. அதில் செம்பு, தட்டு என்று சின்ன வேலைகள் மட்டும் நடந்தன. பெரிய வேலையெல்லாம் வேறு பட்டறைகளுக்குப் போய்விட்டது. வீட்டில் ஒரு வேளைதான் உலை ஏறியது. எனக்கு அது பெரிதாகத் தெரியவில்லை. முகூர்த்த மாதங்களில் வாரத்துக்கு இரண்டு தடவை பொங்கல் தின்கிறவளுக்கு என்ன தெரியும்.

கல்யாணம் முடிந்து வந்தால் அம்மா வாசலிலேயே கேட்பாள். “நல்லா சாப்புட்டியா?” அண்டா ஒழுங்காகக் கொடுத்ததா என்று கேட்கிறாள் என்று நினைத்து, “எல்லாருக்கும் வந்துச்சு” என்று பதில் சொல்வேன்.

மாமா இன்னொரு விதியும் வைத்திருந்தார். அண்டாவின் அடியில் நிற்கிற பொங்கல் நிழலுக்குரிய வீட்டுக்குத்தான் போக வேண்டுமாம். இல்லாவிட்டால் அடுத்த தடவை வாயைத் திறக்காதாம். பெரிய தூக்கு நிறைய அடைத்துக் கொடுப்பார். வழியில் சிந்தினால் மாமாவின் தொழில் போய்விடும் என்று மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வருவேன்.

புதுத் தரை போட்ட வருஷம் அண்டா மறுபடி எல்லா அண்டாவையும் போல ஆகிவிட்டது. ஒரு நாள் நான் உட்காருமுன்பே கரண்டி நிறைந்து வந்தது. எனக்குப் பதினாலு வயது. வயதுக்கு வந்தால் நிழல் கழன்றுவிடும் என்று மாமா சொன்னார். நம்பினேன். கொஞ்சம் வருத்தமாகக்கூட இருந்தது.

இருபதில் கல்யாணம். வீட்டுக்காரரும் இதே தொழில். அவர் பட்டறையில்தான் நான் கொட்டாப்புளி பிடித்தேன். இப்போது எங்களுக்கு இரண்டு தரை இருக்கிறது. ஓட்டல்காரர்கள் வரிசையில் நிற்கிறார்கள். போனில் பதிவு செய்துகொண்டுதான் வர வேண்டும். என் கையில் எந்தப் பாத்திரத்திலும் வேறு நிழல் விழுந்ததில்லை. அதனால் அதை எடுக்கிற வேலையும் எனக்கு வந்ததில்லை.

போன சித்திரையில் சிதம்பரத்து ஓட்டல் மாஸ்டர் ஒருவர் ஒரு பாத்திரத்தோடு வந்தார். வேறு எங்கோ அடித்தது. உள்ளே அவர் மச்சான் நிழல் விழுந்திருக்கிறது. மச்சானோடு சண்டை, அவர் துபாய்க்குப் போய்விட்டார். பாத்திரம் ஒரு பருக்கை கொடுக்கவில்லை. நான் வருத்தப்பட்டு, இதற்கு ஒன்றும் செய்ய முடியாதே என்று சொல்ல இருந்தேன். வீட்டுக்காரர் டீ குடித்துக்கொண்டே சொன்னார்.

“உச்சி வெயில்ல கவுத்துப் போடு. போயிடும்.”

“அவ்வளவுதானா?”

“அவ்வளவுதான். இது தெரியாதா ஒனக்கு? ஒங்கப்பா சொல்லல?”

“சொல்லல.”

கவிழ்த்துப் போட்டேன். உச்சியில் பாத்திரத்தின் நிழல் அதன் அடிக்குள்ளேயே சுருங்கியது. சுருங்கும்போது ஓர் ஆள் நிழல் மட்டும் ஓரத்தில் கசிந்து, தரையில் கொஞ்ச நேரம் கிடந்து, காய்ந்துவிட்டது. தட்டக்கூட வேண்டியிருக்கவில்லை. மாஸ்டர் அரைமணி நேரத்தில் கிளம்பிவிட்டார். அடியில் நிற்கிற பொங்கலைப் பற்றியும் வீட்டுக்காரரிடம் கேட்டேன். அப்படி ஒரு விதியை அவர் கேள்விப்பட்டதே இல்லை.

அந்த ஆறு வருஷமும், புதுத் தரை போடுகிறவரை, முகூர்த்தம் இல்லாத மாதங்களில் மாமாவின் அண்டா அப்பா வீட்டில்தான் கிடக்கும். இடம் இல்லாததால் பட்டறை வெளியில்தான் கவிழ்த்து வைப்பார்கள். வெயில் உச்சிக்கு வருகிற நேரத்தில் அப்பா எந்த வேலையில் இருந்தாலும் போட்டுவிட்டு எழுந்து வருவார். ஒரு கோணிச் சாக்கை நனைத்து அண்டாவின் மேல் போட்டு, தரைவரை இழுத்து மூடி, நாலு பக்கமும் செங்கல் வைப்பார். வெயில் சாய்கிறவரை அம்மா பக்கத்திலேயே இருந்து, சாக்கு காய்ந்து ஓரம் தூக்கிவிடாமல் தண்ணீர் தெளித்துக்கொண்டிருப்பாள். நானும் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்திருக்கிறேன். பித்தளை சூடானால் கெட்டுவிடும் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.